ஓவன் கதவுக்கு முட்டுக்கொடுத்த நாற்காலி

அம்மாவும் நானும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை உருளைக்கிழங்கு சீவியது. நான் சீவி ட்ரேயில் அடுக்கினேன். அவர் பூண்டு தட்டிப் போட்டுக் காய்ச்சிய பாலை ஊற்றி, மேலே சீஸ் துருவினார்.

"காகிதமாட்டம் சீவாதடி, கூழாயிடும்."

"மூணு மில்லிமீட்டர்மா."

"அளந்து பாத்தியாக்கும்! உன்னைக் கட்டிக்கிறவன் பாடு திண்டாட்டந்தான்."

ஓவன் கதவின் ரப்பர் பட்டை தேய்ந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. கதவு இறுக மூடாது. ட்ரேயை உள்ளே வைத்ததும் அம்மா கதவோடு ஒட்டி நாற்காலியைப் போட்டுச் சாய்ந்து உட்காருவார். ஐம்பது நிமிடம்.

இருபத்தாறு வருடம் அலுவலக கேன்டீனில் சமைத்தவர். காலை ஐந்தரைக்கு பஸ். அங்கே உட்கார ஒரு ஸ்டூல் கிடையாது. வீட்டுக்கு வந்தால் துணி, பாத்திரம், அப்பாவின் மாத்திரை. வெள்ளிக்கிழமை அங்கே பன்னிரண்டு ட்ரே இதையே செய்துவிட்டு, ஞாயிறு எங்களுக்கும் செய்வார்.

தொழிற்சாலை பாய்லர்களில் கசிவை அடைப்பது என் வேலை. பழைய பட்டையில் விரல் நீளத் துண்டு வெட்டி, கேன்டீனுக்கு எதிர்க் கடையில் காட்டி வாங்கச் சொல்லி அம்மாவிடம் கொடுத்திருந்தேன். நானே போயிருக்கலாம்.

"வாங்கினியாம்மா?" என்று அன்றும் கேட்டேன்.

"மறந்துட்டேன்டி."

"கதவுக்குத்தான் காவல் போட்டாச்சே, ரப்பர் எதுக்கு?" என்றார் அப்பா.

அம்மா கண்ணைத் திறக்கவில்லை. "முதுகுக்கு இதமா இருக்கு. கொஞ்ச நேரம் யாரும் கூப்பிடாதீங்க."

இரண்டு நாள் கழித்து கேன்டீன் அடுப்பருகே விழுந்தார். மாரடைப்பு.

அம்மா போனபின் மூன்று வாரமாக அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. ஒருநாள் அவராகவே, "அந்த உருளைக்கிழங்கு செய்றியா?" என்று கேட்டார். செய்தேன். நாற்காலியை மறந்துவிட்டேன். நடுவில் வேகவில்லை. "பரவால்லம்மா" என்று தட்டைத் தள்ளி வைத்தார்.

ரப்பரை வாங்கிவிடலாம் என்று அம்மாவின் கைப்பையில் அந்தத் துண்டைத் தேடினேன். பஸ் பாஸுக்குப் பின்னால், கடைக்காரர் எழுதிக் கொடுத்த சீட்டில் சுற்றியிருந்தது. பட்டையின் எண், 'ஸ்டாக் இருக்கிறது', தேதி. ஏழு மாதத்துக்கு முந்தைய தேதி.

மறு ஞாயிறு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தேன். முதுகில் சூடு ஏறியது. அப்பா இரண்டு முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

துண்டைச் சீட்டோடு மறுபடி பையிலேயே வைத்துவிட்டேன். அம்மா வாங்காத ரப்பரை நானும் இன்னும் வாங்கவில்லை.