மஞ்சள் கோடு மறையும் இடம்

எரியும் சுவாலையின் சூட்டை அளக்க அதற்குள் எதையும் விடக்கூடாது. விட்டால் விட்ட பொருள் உருகும், அல்லது சுவாலையே குளிர்ந்துவிடும். ஆகவே தள்ளி நின்று கண்ணால் பார்த்துத்தான் அளக்கவேண்டும். சொல்வதற்கு என்னவோ சுகமாகத்தான் இருக்கிறது. அந்த ஒரு வருடம் நான் பட்ட பாட்டை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பல்லைக் கடிக்கத்தான் வருகிறது.

இரண்டாம் உலக யுத்த காலம் அது. கொழும்பில் ஒரு கல்லூரியின் பௌதிகப் பகுதியில் நான் உதவி விரிவுரையாளன். எங்கள் முறை இதுதான். காஸ் சுவாலைக்குள் உப்புத் தண்ணீரைத் தூறலாக விடுவோம், சுவாலை மஞ்சளாகும். அதற்குப் பின்னால் ஒரு மின்விளக்கு. விளக்கின் ஒளியை ஒரு லென்ஸ் சுவாலைக்குள் குவிக்கும். முன்னால் இருக்கும் நிறமாலைகாட்டியில் கண்ணை வைத்தால் உப்பின் மஞ்சள் கோடு தெரியும். விளக்கு சுவாலையைவிடச் சூடென்றால் கோடு கறுத்துவிடும். விளக்கின் சூடு குறைவென்றால் கோடு பளிச்சென்று ஒளிரும். இரண்டும் சமமாகும் இடத்தில் கோடு இருந்த இடமே தெரியாது. அந்த இடத்தில் விளக்குக்குள் எவ்வளவு மின்னோட்டம் போகிறது என்று பார்த்து, அட்டவணையில் தேடினால் சுவாலையின் வெப்பநிலை கிடைக்கும்.

கிடைக்கும் என்று புத்தகம் சொன்னது. கொழும்பில் அது லேசில் கிடைக்கவில்லை. பதினொரு மணிக்குப் பணக்கார வீடுகளில் சமையல் தொடங்கினால் ஊருக்குப் பொதுவான குழாயில் வரும் காஸின் அழுத்தம் விழுந்துவிடும்; சுவாலை சோம்பிப் போய் நிற்கும். காற்றடித்தால் சுவாலை சாயும் என்று யன்னல்களைப் பூட்டிவைத்தோம். உள்ளே வேர்வை கண்ணுக்குள் ஓடும். மின்கலங்களோ கிழவர்களைப் போல அரைநாளில் களைத்துப்போகும். இவ்வளவையும் தாண்டி எடுத்த அளவுகள் ஒன்றோடொன்று ஒத்துவராவிட்டால் மனிதனுக்குக் கோபம் வராமல் என்ன செய்யும்?

ஒத்துவரவில்லை. என்னோடு வேலைசெய்தவர் கொட்டாஞ்சேனையைச் சேர்ந்த ஒரு கத்தோலிக்கப் பெண். பட்டம் முடித்துத் தற்காலிகமாகச் சேர்ந்திருந்தார். தகப்பன் துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து இறந்தவர். வீட்டில் உழைக்க வேறு ஆளில்லை. வருட முடிவில் ஒரு நிரந்தர இடம் வரவிருந்தது. அவருக்கு அது கிடைக்குமா இல்லையா என்பது இந்த அளவுகளிலும், பேராசிரியர் எழுதப்போகும் ஒரு கடிதத்திலும் தங்கியிருந்தது. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இரண்டு ட்ராம் மாறிப் பொரளையில் இறங்கி, பஸ் பிடித்து, எனக்கு முன்னரே வந்து கதவடியில் நிற்பார்.

திங்கள், புதன், வெள்ளி நான் பார்ப்பேன். மற்ற நாள்களில் அவர் பார்ப்பார். ஆனி மாதம் தென்மேல் காற்றுத் தொடங்கியதிலிருந்து என்னுடைய எண்கள் ஏறின, அவருடையவை ஏறவில்லை. ஒரே சுவாலை, ஒரே விளக்கு, வெப்பநிலையில் முப்பது பாகை வித்தியாசம். நாளுக்கு நாள் மாறிப் பார்த்தாலும் அதே முப்பது.

"மிஸ், கோடு மறையிறதெண்டா மறையவேணும். மங்கினவுடனே எழுதிப்போட்டு எழும்பக்கூடாது," என்றேன்.

"மறைஞ்ச பிறகுதான் சேர் எழுதினனான். கறுப்பிலயிருந்தும் வந்து பாத்தனான், வெளிச்சத்திலயிருந்தும் வந்து பாத்தனான்."

"அப்ப என்ர கண்தான் பிழையோ?"

"நான் அப்பிடிச் சொல்லேல்ல, சேர்." லென்ஸைத் திரும்பிப் பார்த்து, "லென்ஸை ஒருக்கா ஸ்பிரிட் போட்டுத் துடைச்சுப் பாப்பமோ?" என்று கேட்டார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. அந்த லென்ஸ் என் உயிர். அதற்கு முன்பிருந்ததை லாப் ஈரத்தில் பூஞ்சணம் தின்றுவிட்டது. யுத்தத்தில் இன்னொன்று வரவழைக்க வழியில்லை. அதனால் ஒவ்வொரு மாலையும் நானே அதைக் கழற்றி வெள்ளவத்தையிலுள்ள என் வீட்டுக்குக் கொண்டுபோனேன். காலையில் என் பழைய வேட்டியிலிருந்து கிழித்த மெல்லிய துண்டால் ஊதி ஊதித் துடைத்து, கொண்டுவந்து நானே பூட்டுவேன். வேறு யாரும் தொடக்கூடாது, தொட்டால் லாப் பக்கமே வரக்கூடாது என்று சட்டம் போட்டிருந்தேன். வீட்டில் மனைவி, "பிள்ளையளின்ர மூக்கைத் துடைக்க நேரமில்லை, அந்தக் கண்ணாடியை மட்டும் என்னமாத் தாலாட்டுறியள்," என்று நக்கலடிப்பாள்.

"நான் தினமும் துடைக்கிறனான், மிஸ்," என்றேன். "உங்கட கொட்டாஞ்சேனைக் கரிப்புகை வெள்ளவத்தையில இல்லை."

அவர் குறிப்புப் புத்தகத்தை மூடிவைத்தார். நான் வென்றுவிட்டதாக நினைத்தேன்.

ஆவணியில் பேராசிரியர் என்னைக் கூப்பிட்டார். வெள்ளைக்காரர், நல்ல மனிதர்தான், ஆனால் யுத்தக் கமிட்டிகளுக்கு ஓடி ஓடி அவருக்கு எங்கள் சுவாலையைத் திரும்பிப் பார்க்க நேரமில்லை. இருவரின் எண்களும் ஏன் பொருந்தவில்லை என்று கேட்டார். அந்தப் பெண்ணின் கண் நம்பக்கூடியதல்ல என்று சொன்னேன். வெறுப்பில் சொல்லவில்லை. அதை முழுமனதாக நம்பித்தான் சொன்னேன். நிரந்தர இடத்துக்கு வேறொருவரைச் சிபாரிசு செய்து அவர் கடிதம் எழுதினார். செய்தி இரண்டு நாளில் அந்தப் பெண்ணின் காதுக்கும் எட்டிவிட்டது.

மறுநாள் என்னுடைய முறை. லென்ஸைப் பூட்டிவிட்டுத் திரும்பினால் அவர் ஒரு ஸ்பிரிட் போத்தலும் புதுப் பஞ்சுமாக நிற்கிறார்.

"சேர், முதல்ல நீங்கள் பாத்து எழுதுங்கோ," என்றார். பார்த்தேன். வழக்கமான என் எண். அவர் நேரே போய் லென்ஸைக் கழற்றினார்.

"மிஸ்!"

"இண்டைக்கு நான் தொடுறன். இனி என்னை என்ன செய்யப்போறீங்கள்?"

பஞ்சால் துடைத்துப் பூட்டிவிட்டு, இப்போது பாருங்கோ என்று நாற்காலியை இழுத்துவிட்டார். கண்ணை வைத்தேன். விளக்கை என் பழைய இடத்துக்குக் கொண்டுவந்தேன். கோடு கறுப்பாக நின்றது. குறைத்தேன், இன்னும் குறைத்தேன். முப்பது பாகை கீழே, அவருடைய எண்ணில் கோடு போய்விட்டது.

"என்ர நாள்களில நீங்கள் லெக்சருக்குப் போனாப்பிறகு துடைச்சுப்போட்டுத்தான் பாக்கிறனான்," என்றார். "தொட்டனான் எண்டு சொன்னா நிப்பாட்டிப்போடுவியள் எண்டு பயம். சொல்லாமலும் இப்ப இடம் போயிட்டுதுதானே."

நான் என் பையிலிருந்த வேட்டித் துண்டை எடுத்து அதன் நுனியை நாக்கில் வைத்தேன். உப்புக் கரித்தது. எங்கள் வீட்டுக்கும் கடலுக்கும் நடுவில் ரயில் பாதை மட்டும்தான். தென்மேல் காற்றில் கொடியில் போட்ட துணி எதுவும் அங்கே ஒழுங்காகக் காயாது, பிசுபிசுவென்றுதான் இருக்கும். அந்தத் துணியால் நான் நாள்தோறும் ஊதித் துடைத்து, லென்ஸில் உப்புப் படலம் ஏற்றியிருக்கிறேன். விளக்கின் ஒளி அதில் மங்கியது. நான் விளக்கை வீணாக ஏற்றி ஏற்றிச் சுவாலைக்குச் சூடு கூட என்று எழுதிக்கொண்டிருந்தேன். முட்டாள் என்றால் அப்படியொரு முட்டாள்.

"சேர், கடிதம் இன்னும் மேசையில கிடக்குதாம்," என்றார் அவர். "ஒரு சொல்லுச் சொல்லுவீங்களோ?"

கட்டாயம் சொல்வேன் என்றுதான் படியேறினேன். பேராசிரியர் தொப்பியை எடுத்துக்கொண்டு புறப்பட நின்றார். அந்தக் கடிதம் கையெழுத்தோடு தபால் தட்டில் கிடந்தது. அளவுகளின் வித்தியாசம் தீர்ந்துவிட்டது, லென்ஸை ஸ்பிரிட்டால் துடைக்கவேண்டியிருந்தது என்று சொன்னேன். முகம் மலர்ந்து என் தோளில் தட்டினார். கெட்டிக்காரன் என்றார். வேறு ஏதும் உண்டா என்று கேட்டார். லென்ஸை அழுக்காக்கியது யார், அதைக் கண்டுபிடித்தது யார் என்ற இரண்டு வாக்கியங்களும் என் வாயில்தான் இருந்தன. வேறொன்றும் இல்லை என்று சொன்னேன். ஏன் என்று என்னை நானே எத்தனையோ முறை கேட்டுவிட்டேன். அந்தத் தோள் தட்டலை விட மனமில்லை, அவ்வளவுதான்.

கீழே அந்தப் பெண் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு நின்றார்.

"சொன்னீங்களோ, சேர்?"

"ஓம், சொன்னனான்."

"என்ன சொன்னவர்?"

"பாப்பம் எண்டவர். கடிதம் போடுவினம்."

அவர் முகத்தில் வந்த சந்தோஷத்தை என்னால் பார்க்க முடியவில்லை. நான் மின்கலத்தைப் பார்ப்பதுபோலக் குனிந்துகொண்டேன்.

எங்கள் அளவுகளைப் பற்றிய ஆய்வுக் கட்டுரை அடுத்த வருடம் அச்சில் வந்தது. அதிலிருந்த வெப்பநிலை அந்தப் பெண் எடுத்தது. பெயர் என்னுடையது. அதற்கு முன்பு, தற்காலிக வேலை முடிந்து போனபின், அவர் இரண்டு தடவை கல்லூரிக்கு வந்தார். இரண்டாம் தடவை மழைநாள். சிங்களப் பியோன் மேலே ஏறிவந்து, "மஹத்தயா, அர நோனா ஆவா," என்றான். அந்தப் பெண் வந்திருக்கிறாராம், தன் பெயருக்குக் கடிதம் ஏதும் வந்ததா என்று கேட்கிறாராம். நான் லெக்சரில் இருக்கிறேன், கடிதம் ஒன்றும் வரவில்லை என்று சொல்லச் சொன்னேன். அவன் இறங்கிப்போனான். கீழே நின்று அவர் அவனுக்குச் சிங்களத்தில் நன்றி சொல்வது எனக்குக் கேட்டது.