நவாஸ் இக்காவின் உச்சஸ்தாயி

இன்று மட்டாஞ்சேரி சாயாக்கடையில் நவாஸ் இக்கா ஒரு தடித்த புத்தகத்தை என் முன்னால் வைத்தார். கொச்சியின் மேடைப் பாடகர்களைப் பற்றிய மலையாளக் கலைக்களஞ்சியம். நாளை வெளியீடு, இவருக்குப் பிரதி முன்கூட்டியே வந்துவிட்டது. நாங்கள் இருவரும் மேடைகளில் சினிமாப் பாட்டுப் பாடும் ஒரே கானமேளக் குழு.

"நோக்கடா, எனக்கு அரைப் பக்கம் உண்டு. போட்டோவும் உண்டு."

வாசித்தேன். தமிழ்ப் பாட்டுகளின் உச்சஸ்தாயியில் இவருக்கு இணையே இல்லையாம்.

அவருக்கு அந்த உயரம் எட்டாது. உச்சஸ்தாயி வரி வந்ததும் மைக்கை வாயோடு சேர்த்துப் பிடித்துக் கண்ணை மூடிக்கொள்வார். பின்னால் கோரஸில் நிற்கும் நான்தான் பாடுவேன்.

என் பெயரைத் தேடினேன். இல்லை. போட்டோவில் என் தோள் மட்டும் இருக்கிறது.

புத்தகத்தைத் தொகுத்தவர் எங்கள் ஒத்திகைக்கு வந்திருந்தார். நான் தமிழ் பேசியதைக் கேட்டு, பந்தல் போட வந்தவன் என்று நினைத்து நாற்காலி கேட்டார். நானும் எடுத்துப் போட்டேன். இங்கே தமிழ் பேசினால் கூலிக்காரன், தமிழ்ப் பாட்டுக்கு வாயசைத்தால் கலைஞன்.

"என் பேரு இல்லையே இக்கா?"

"அடுத்த பதிப்புல வரும்டா. நாளைக்கு விழாவில நான் பாடணும். நீ பின்னாடி நில்லு, கேட்டோ. அந்த மேல் வரி நீ இல்லாம சரியாகாது."

சரி என்றேன்.

அந்த வரி வரும்போது வாயைத் திறப்பதா, வேண்டாமா என்று இன்னும் முடிவெடுக்கவில்லை. நாளை மாலைக்குள் உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.