நவம்பர் இருபத்துநான்கில் தபாலகம் திறந்திருந்தது

கனடாவின் பிரெஞ்சு பேசும் பக்கத்தில் இருக்கிற பியர்பொன்ட்ஸில் கிருபானந்தனைத் தெரியாத பள்ளிப் பிள்ளைகள் குறைவு. பத்தொன்பது வருடமாக மஞ்சள் பஸ் ஓட்டுகிறார். காலையில் ஏற்றிக்கொண்டுபோய்ப் பள்ளிக்கூடத்தில் இறக்குவார், பின்னேரம் திரும்ப ஏற்றி வீடுகளில் இறக்குவார். இடையில் ஐந்து மணித்தியாலம் வேலை இல்லை. மற்றச் சாரதிகள் அந்த நேரத்தில் கோப்பிக் கடையில் இருந்து கனடா அரசாங்கத்தைக் கவிழ்த்து நிமிர்த்துவார்கள். இவர் நூலகத்துக்குப் போய், தன் வாழ்நாளில் கால் வைக்காத ஒரு நாட்டின் மூன்றே மூன்று வருடங்களைப் பற்றிப் படிப்பார். 1917 முதல் 1920 வரையான உக்ரேன்.

இந்தப் பைத்தியம் பிடித்த கதை கொஞ்சம் வெட்கமான கதை. 2004இல், அடுத்த தெருவில் ஒரு வீட்டைக் காலி செய்து வாசலில் சாமான் பரப்பி விற்றுக்கொண்டிருந்தார்கள். அங்கே ஒரு பழைய முத்திரைத் தொகுப்பைப் புரட்டியவர் திகைத்துப் போனார். ரஷ்யச் சக்கரவர்த்தியின் இரட்டைத் தலைக் கழுகு போட்ட தபால் முத்திரைகளின் மேல், யாரோ கறுப்பு மையால் சிவபெருமானின் சூலத்தைக் குத்தியிருந்தார்கள். மனிதர் பேரம் பேசாமல் வாங்கிவந்து ஒரு கிழமை சாமி அறையில் வைத்திருந்தார். அது சூலம் அல்ல, புதிதாகப் பிறந்த உக்ரேன் குடியரசின் சின்னம் என்பதை நூலகத்தில் தெரிந்துகொண்டபோது மனைவி சிவமலர் சிரித்த சிரிப்பை அவர் இன்னும் மறக்கவில்லை.

ஆனால் அதற்குள் விடயம் அவரைப் பிடித்துவிட்டது. பேரரசு இடிந்து விழுந்துகொண்டிருக்கும்போதே, விழுகிற கல்லுக்கும் தூசிக்கும் நடுவில் நின்று, இனி இது எங்கள் நாடு என்று 1918 ஜனவரியில் அறிவித்தார்கள் அந்தச் சனங்கள். கையில் காசும் இல்லை, சொந்த முத்திரையும் இல்லை. இருந்த முத்திரையெல்லாம் சக்கரவர்த்தியுடையது. ஊர் ஊராகத் தபாலதிபர்கள் அச்சுக் கட்டையை எடுத்து, அந்தக் கழுகின் மேல் தங்கள் சின்னத்தைக் கையால் குத்தி விற்றார்கள். நாடு என்றால் வெறும் கொடியும் துப்பாக்கியும் இல்லை, காலையில் கதவு திறக்கிற தபாலகமும்தான் என்று விளங்கிக்கொண்டவர்களைக் கிருபானந்தன் மனதாரக் கும்பிட்டார்.

அவர்களை யார் நிம்மதியாக இருக்க விட்டார்கள்? வடக்கிலிருந்து போல்ஷெவிக் படை வந்தது. காப்பாற்ற வந்தோம் என்று ஜெர்மன் படை வந்து தானியத்தை அள்ளிக்கொண்டு போனது. பழைய பேரரசைத் திரும்ப ஒட்டவைக்க டெனிக்கின் என்ற தளபதியின் வெள்ளைப் படை வந்தது. மேற்கிலிருந்து போலந்துப் படை. கியிவ் நகரம் மட்டும் பத்துத் தடவைக்கு மேல் கைமாறியது. வேறு யாராவது படித்தால் தலை சுற்றும். கிருபானந்தனுக்குச் சுற்றவில்லை. வீட்டுக் கேற்றைத் திறக்கமுன், "இண்டைக்குச் சந்தியிலை ஆர் நிக்கினம்?" என்று கேட்டுக் கேட்டே வளர்ந்தவர் அவர். எந்தச் சிற்றூரில் எந்தத் திகதியில் எந்தப் படை நின்றது என்று கொப்பிகளில் எழுத ஆரம்பித்தார். இப்போது பதினேழு கொப்பி இருக்கிறது.

இருபத்தொரு வருடச் சேகரிப்பைப் போன வருடம் ஒழுங்கு செய்து, நாற்பத்தெட்டுப் பக்கக் காட்சியாக்கி, டோர்வாலில் ஒரு பாடசாலை மண்டபத்தில் நடக்கவிருந்த முத்திரைக் கண்காட்சிக்குக் கொடுத்தார். யூதச் சிற்றூர்களிலிருந்து வந்த கடிதங்களுக்கு என்று ஒரு பக்கம் வைத்து, அங்கே நடந்த கொலைகளையும், அவற்றைச் செய்தவர்களில் குடியரசின் சீருடை போட்டவர்களும் இருந்ததையும் எழுதியிருந்தார். இது எதற்கு என்று கேட்ட ஒருவருக்கு, "அதைச் சொல்லாமல் விட்டா மிச்சத்தையும் ஒருத்தரும் நம்பமாட்டினம்" என்றார். மனிதர் அப்படித்தான்.

காட்சியின் உயிர் முப்பத்தோராம் பக்கத்தில் இருந்தது. பொடோலியா மாகாணத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து போன ஒரு பதிவுத் தபால் உறை. அதில் சின்னம் குத்திய நான்கு முத்திரைகள், 1919 நவம்பர் 24 என்ற திகதி, ஓரத்தில் தபாலதிபரின் சுருக்கக் கையெழுத்து. அந்தத் தபாலதிபரின் பெயர் கூடத் தெரியாது. ஆனாலும் கிருபானந்தன் அவரை ஒரு சொந்தக்காரரைப் போலத்தான் நினைத்தார். எழுத்தில் அவசரம் இல்லை, முத்திரை ஒன்றும் கோணலாக ஒட்டப்படவில்லை, நல்ல உத்தியோகத்தர் என்று வீட்டில் சொல்லுவார்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் மண்டபத்தில் பக்கங்களைச் சட்டகத்தில் கொழுவிக்கொண்டிருந்தபோது, நடுவர் குழுத் தலைவர் லவெர்டூர் பக்கத்தில் வந்து நின்றார். நல்ல மனிதர், ரஷ்ய முத்திரைகளில் பழம் தின்று கொட்டை போட்டவர்.

"அருமையான வேலை, மொசியூ. ஆனால் முப்பத்தொன்றை எடுத்துவிடுங்கள்" என்றார் ஆங்கிலத்தில். "அந்தத் திகதியில் அந்த ஊர் டெனிக்கின் படையிடம் இருந்தது. உக்ரேன் என்ற பேரையே அவர்கள் சகிக்கவில்லை. அவர்கள் தெருவில் நிற்கும்போது, அந்தச் சின்னத்தோடு ஒரு தபாலதிபர் கடிதம் அனுப்பியிருப்பாரா? இது பிறகு யாரோ செய்த போலி. எடுத்தால் உங்களுக்குத் தங்கம் கிடைக்கலாம். வைத்தால் கிடைக்காது. நாளை காலை ஒன்பதுக்கு முதல் சொல்லுங்கள்."

கிருபானந்தனுக்குத் தொண்டைவரை ஒரு பதில் வந்தது. வந்த பதிலை விழுங்கிவிட்டு, தலையாட்டிவிட்டு வீட்டுக்கு வந்தார். அந்தப் பதிலை இருபத்தாறு வருடமாக அவர் வெளியே விட்டதில்லை.

அனுப்பியிருப்பார் என்பது அவருக்குத் தெரியும். ஏனென்றால் அவரும் அனுப்பியிருக்கிறார். வன்னியில், முல்லைத்தீவுப் பக்கத்து உப தபாலகம் ஒன்றில் மூன்றரை வருடம் தபாலதிபராக இருந்தவர் கிருபானந்தன். வெளியே இயக்கத்தின் ஆட்சி. மேசை லாச்சியில் கொழும்பு அரசாங்கத்தின் முத்திரை. சம்பளம் கொழும்பிலிருந்து வந்தது, வாசலில் பதுங்குகுழி இருந்தது. இரண்டு பக்கமும் ஒன்றையொன்று கொன்றுகொண்டிருக்க, நடுவில் இருந்து அவர் இருந்த முத்திரையை விற்று, திகதி குத்தி, சாக்கில் கட்டி வவுனியாவுக்கு அனுப்பினார். சந்தியில் நிற்பவர்கள் மாறலாம். லாச்சிக்குள் இருக்கும் முத்திரை அன்றைக்கே மாறுவதில்லை. இது எந்தப் புத்தகத்திலும் இல்லை, வேலை செய்தவனுக்குத்தான் தெரியும்.

ஆனால் கனடாவின் கோப்பில் அவர் தபாலதிபர் இல்லை. 1999இல் அகதி விண்ணப்பம் நிரப்பிக் கொடுத்தவர், அந்தக் காலத்தில் கோட்-டி-நேஜ் பக்கம் பலருக்குக் கேஸ் எழுதியவர், பேனாவை வைத்துவிட்டுச் சொன்னார்: "தபாற்கந்தோர் எண்டு போட்டா ரெண்டு பக்கமும் மாட்டுவீர். அரசாங்கச் சம்பளம் எடுத்தனீர், ஏன் ஓடி வந்தனீர் எண்டு கேப்பாங்கள். வன்னியிலை வேலை செய்தனீர் எண்டா, அவையின்ரை ஆள் எண்டுவாங்கள். தோட்டம் செய்தது எண்டு போடுவம்." அப்படியே தோட்டக்காரர் ஆனார். சத்தியம் செய்து கையெழுத்தும் வைத்தார்.

பொய் வீட்டுக்குள்ளும் குடி வந்துவிட்டது. மகள் வித்தியா இங்கே பிறந்தவள். பிள்ளை பள்ளிக்கூடத்தில் வாய் தவறிவிடும் என்று அவளுக்கும் அப்பா தோட்டக்காரர்தான். முருகன் கோயிலில் யாராவது வெங்காயச் செய்கை பற்றிக் கதை தொடங்கினால், மனிதர் செருப்பைத் தேடிக்கொண்டு நழுவிவிடுவார். அவளோ அப்பாவின் மண் பற்றை நம்பி, இப்போது சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் விவசாயம் படிக்கிறாள்.

அன்று இரவு குசினி மேசையில் கிருபானந்தன் விடயத்தைச் சொன்னார். முப்பத்தோராம் பக்கத்தை எடுக்கப்போவதில்லை, அதன் கீழே நான் யார் என்று நான்கு வரி எழுதி வைக்கப்போகிறேன் என்றார்.

சிவமலர் கையிலிருந்த அகப்பையை வைத்தாள். "உங்களுக்கு விசரோ? சத்தியக்கடதாசியிலை ஒண்டு, இப்ப மண்டபத்திலை ஊருக்கு முன்னாலை வேறொண்டோ? சிட்டிசன்சிப்பைப் பறிச்சா எங்கை போறது? செத்துப்போன வெள்ளைக்காரனுக்காகவோ?"

"அவருக்காகக் கதைக்க வேறை ஆரும் இல்லை, மலர்."

"எங்களுக்காகக் கதைக்க ஆர் இருந்தவை?"

அவளுடைய பயத்தைச் சிரித்துத் தள்ள முடியாது. ஒரு பழைய வாக்குமூலத்துக்காகப் பத்துப் பதினைந்து வருடம் கழித்துக் கடிதம் வந்த குடும்பங்கள் இருக்கின்றன. தபால் வேலை செய்தவருக்குக் கடிதத்தின் பயம் தெரியாதா? ஆனாலும், அந்த உறையை எடுத்துவிட்டு அதற்குப் பதிலாகத் தங்கத்தை வாங்கினால், தன் உத்தியோகத்தை இரண்டாம் தடவை மறுத்ததாகிவிடும் என்று அவருக்குப் பட்டது. முதல் தடவை உயிருக்காக. இந்தத் தடவை ஒரு பதக்கத்துக்காக.

வாசலில் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டு நின்ற வித்தியா எல்லாவற்றையும் கேட்டுவிட்டாள்.

"அப்பா, நீங்கள் தோட்டம் செய்யேல்லையோ?"

"இல்லைப் பிள்ளை."

"வெங்காயம்?"

"வாங்கித்தான் சாப்பிட்டனாங்கள்."

அவள் கதிரையில் இருந்துவிட்டாள். "நான் அப்பிளிக்கேசன் கட்டுரையிலை ரெண்டு பக்கம் எழுதினனான், அப்பா. எங்கடை ரத்தத்திலை மண் ஓடுது எண்டு." கோபமாகத்தான் தொடங்கினாள். பாதியில் சிரிப்பு வந்துவிட்டது, சிரிப்போடு கண்ணீரும் வந்தது. பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு கணினியைத் திறந்தாள். "சொல்லுங்கோ. பிரெஞ்சிலை நான் எழுதிறன். ஆனா இண்டைக்கு எல்லாத்தையும் சொல்லவேணும்."

அவர் சொன்னார். அவள் எழுதினாள். நான்கு வரி எழுத ஒன்றரை மணித்தியாலம் பிடித்தது, ஏனென்றால் அவள் இடையிடையே வேறு கேள்வி கேட்டாள், அவரும் பதில் சொன்னார். சிவமலர் முதுகைக் காட்டிக்கொண்டு குழம்பைக் கிளறினாள். ஆனால் அவர் ஒரு வருடத்தை மாற்றிச் சொன்னபோது, திரும்பிப் பார்க்காமலே, "தொண்ணூத்தஞ்சு இல்லை, தொண்ணூத்தாறு சித்திரை" என்றாள்.

எழுதி முடித்தது இதுதான்: "இந்த உறை போலி என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். அவர்கள் சொல்வது சரியாக இருக்கலாம். ஆனால் படை மாறிய நாளில் தபாலதிபர் முத்திரையை மாற்றியிருப்பார் என்பது சரியல்ல. 1996 முதல் 1999 வரை போர்ப் பகுதியில் நான் தபாலதிபராக இருந்தேன், லாச்சியில் இருந்ததைத்தான் விற்றேன். க. கிருபானந்தன்."

சனிக்கிழமை எட்டரைக்கு அந்தத் தாளை உறையின் கீழே வைத்தார். லவெர்டூர் வந்தார், படித்தார், இவர் முகத்தைப் பார்த்தார், மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு இன்னொரு முறை படித்தார். "இதற்குப் புள்ளி கொடுக்க எனக்குச் சட்டம் இல்லை, மொசியூ" என்றார். குரலில் உண்மையான வருத்தம் இருந்தது. பதினொரு மணிக்கு முடிவு வந்தது. வெள்ளி.

சிவமலர் வரமாட்டேன் என்று சொன்னவள், பத்து மணிக்கு மகளின் காரில் வந்திறங்கியிருந்தாள். ஆனால் அந்தச் சட்டகத்துக்குப் பக்கத்தில் போகவில்லை. எட்டத்தில் கோப்பி மேசைக்கு அருகில் கைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, யார் நின்று அந்தத் தாளைப் படிக்கிறார்கள் என்று காவல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மத்தியானமளவில் ஒரு பெண் வந்தாள். ஐம்பத்தைந்து வயது இருக்கும், சாம்பல் நிறக் குளிர்ச்சட்டை. உக்ரேன் என்ற தலைப்பைக் கண்டு ஒவ்வொரு பக்கமாக மெல்லப் படித்துக்கொண்டு வந்தவள், முப்பத்தொன்றில் நின்றுவிட்டாள். பக்கத்தில் நின்ற கிருபானந்தனைப் பார்த்து, தட்டுத் தடுமாறும் பிரெஞ்சில், "இந்தத் தபாலதிபர் யார்?" என்று கேட்டாள்.

கிருபானந்தன் வாயைத் திறந்தார். இருபத்தாறு வருடப் பழக்கம், சொல் வெளியே வரவில்லை.

"என்ரை மனுசன்" என்றாள் சிவமலர். எப்போது அங்கே வந்தாள் என்று தெரியாது. பிறகு பிரெஞ்சில், பஸ்ஸிலும் வேலைத்தலத்திலும் பொறுக்கிச் சேர்த்த அந்தப் பிரெஞ்சில், உரக்கவே சொன்னாள்: "மொன் மாரி. என் புருசன். இவர்தான் தபாலதிபர்."

அந்தப் பெண் தன் நெஞ்சில் கையை வைத்தாள். "நானும்" என்றாள். உக்ரேனில் கெர்சோன் பக்கத்தில் ஒரு கிராமம், இருபத்தெட்டு வருடம் தபாலகத்தில் வேலை. 2022இல் ரஷ்யப் படை தெருவில் வந்து நின்ற பிறகும் லாச்சியில் இருந்த தங்கள் முத்திரையைத் தீரும்வரை விற்றாளாம். தீர்ந்த அன்று திகதி முத்திரையைத் துணியில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டாளாம். வசனமாகச் சொல்ல அவளுக்குப் பிரெஞ்சு போதவில்லை. கையாலும் கண்ணாலும் சொன்னாள், அவர்களுக்கு விளங்கியது.

பிறகு அவள் கண்ணாடிக்குக் கிட்டக் குனிந்து அந்த உறையை வெகுநேரம் பார்த்தாள். திகதி முத்திரையின் இடது பக்கத்தை விரலால் சுட்டிக் காட்டினாள். அங்கே மை பிடிக்காமல் வெளிறிக் கிடந்தது, வலது பக்கம் கறுப்பாக இருந்தது. "நவம்பர்" என்றாள். "குளிர். மை இறுகிவிடும்." முஷ்டியைப் பொத்திப் பிடித்து, வாய்க்கு அருகே கொண்டுவந்து, அதன் மேல் ஹா என்று சூடாக ஊதி, கண்ணாடிக்கு மேலே காற்றில் ஒரு குத்துக் குத்திக் காட்டினாள். "ஊதினால் ஒரு பக்கம்தான் சூடாகும்."

வன்னி வெயிலில் வேலை செய்த கிருபானந்தனுக்கு இது தெரிந்திருக்க நியாயமில்லை. அவருக்கு முத்திரைக் கட்டையில் மை உருகித்தான் வழியும். அவர் அந்த வெளிறிய ஓரத்தையே பார்த்தார். நூற்றாறு வருடத்துக்கு முன், வெளியே வேற்றுப் படை நிற்க, நெருப்பில்லாத ஓர் அறையில் ஒரு மனிதர் திகதி முத்திரையை வாய்க்கருகே பிடித்து ஊதிக்கொண்டிருந்தார்.

"மலர்" என்றார். "அந்த ஆள் உண்மையா இருந்திருக்கிறார்."

"ஓம்" என்றாள் சிவமலர். "நீங்களும் இருந்தனீங்கள்."