வருசா வருசம் வாங்கிய பி மெமோ

பி மெமோ என்றால் என்னவென்று தெரியாதவர்களுக்கு முதலில் சொல்லிவிடுகிறேன். அரசாங்க நிலத்தில் ஒருவர் குடிசை போட்டாலோ வெள்ளாமை வைத்தாலோ, 'நீ ஆக்கிரமித்திருக்கிறாய், அதற்கு இவ்வளவு அபராதம்' என்று கிராம நிர்வாக அலுவலர் எழுதிக் கொடுக்கும் தாள் அது. சட்டப்படி அது குற்றச்சாட்டு. எங்கள் பக்கத்து மலையோரத்தில் அப்படி யாரும் நினைப்பதில்லை. அங்கே அதற்குப் பெயர் தீர்வை. கட்டினால் ரசீது வரும், ரசீது இருந்தால் நிலம் நம்முடையது, அவ்வளவுதான். ஒரு வருடம் போடாமல் விட்டுவிட்டால் ஆபீசுக்கே போய் "எனக்கு மட்டும் ஏன் போடலை?" என்று சண்டை பிடிப்பார்கள். அபராதத்தைக் கேட்டு வாங்குவதற்கு ஆட்கள் வரிசையில் நிற்கிற ஊர் வேறெங்காவது இருக்கிறதா, எனக்குத் தெரியாது.

வருசநாட்டுப் பக்கமிருந்து ஓர் அக்கா என்னைத் தேடி வந்தது மூன்று வருடங்களுக்கு முன்பு. பழனிசெட்டிபட்டியில் ஒரு பெயின்ட் கடைக்கு மேலே என் வக்கீல் ஆபீஸ். படியேறி வந்த இரைப்பு அடங்கும் முன்பே ஜவுளிக்கடைப் பையை என் மேஜைமேல் கவிழ்த்தார். முப்பதுக்கும் மேற்பட்ட பி மெமோ ரசீதுகள், ஒவ்வொன்றும் லேமினேஷன் செய்தது. பழையவை மாமனார் பெயரில், அப்புறம் இறந்துபோன கணவர் பெயரில், கடைசிப் பத்துப் பன்னிரண்டு அவர் பெயரில். கூடவே தாலுகா ஆபீசிலிருந்து வந்த நோட்டீஸ்: ஓடைப் புறம்போக்கில் இருக்கிறீர்கள், காலி செய்யுங்கள். ஒன்றரை ஏக்கர், நாற்பத்திரண்டு இலவ மரம், ஊடே மொச்சை. அவருக்கு அதைத் தவிர வேறு பிழைப்பு கிடையாது.

"வக்கீலம்மா, ரெக்கார்டு பக்காவா இருக்கு. எங்க மாமா காலத்துல இருந்து ஒரு வருசம் விட்டதில்ல. இத நீங்க கோர்ட்டுல குடுத்தாப் போதும், ஜட்ஜய்யாவே நோட்டீச கிழிச்சுப் போட்டுருவாக."

ஒவ்வொரு ரசீதிலும் மேலே, அவர் பெயருக்கு முன்னால், 'ஆக்கிரமிப்பாளர் பெயர்' என்று அச்சடித்திருந்தது. அந்த அக்காவுக்குத் தன் பெயரை எழுதத் தெரியும், அதைத் தவிர வாசிக்கத் தெரியாது. ஊரில் படித்தவர்கள் இல்லாமல் இல்லை. அவர்களும் முத்திரையையும் தேதியையும்தான் பார்ப்பார்கள், அச்சில் இருப்பதை யார் பார்க்கிறார்கள்!

அந்த நிமிடமே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அவர் முகத்தில் அவ்வளவு தெம்பு இருந்தது. இன்னொன்று, எனக்கும் வேறு வழி தெரியவில்லை. அந்த ரசீதுகளைக் காட்டாவிட்டால் அவர் அங்கே இருந்ததற்கே ஆதாரம் கிடையாது. காட்டினால் அவரே தன்னை ஆக்கிரமிப்பாளர் என்று ஒத்துக்கொண்ட மாதிரி. இத்தனை வருடம் அபராதம் வாங்கிக்கொண்ட அரசாங்கம் திடீரென்று விரட்டக்கூடாது என்று வாதாடிப் பார்க்கலாம் என நினைத்தேன். வழக்குப் போட்டேன். இடைக்காலத் தடையும் கிடைத்தது. அந்த அக்கா எனக்கு ஒரு பை மொச்சை கொண்டுவந்து கொடுத்தார்.

நான் மதுரையில் சட்டம் படித்தபோது ஜூரிஸ்புரூடன்ஸ், அதாவது சட்டத் தத்துவம், என்று ஒரு பேப்பர். அதில் விமர்சனச் சட்டக் கோட்பாடு பத்து மார்க் கேள்வி. 'சட்டம் நடுநிலையானதல்ல. ஒரே விதியிலிருந்து இரண்டு எதிரெதிர் தீர்ப்புகளை எடுக்க முடியும், எதை எடுப்பது என்பதை அதிகாரம் தீர்மானிக்கிறது.' நோட்ஸ் கடையில் வாங்கிய புத்தகத்திலிருந்து இதை அப்படியே மனப்பாடம் செய்து எழுதினேன். ஒன்பது மார்க். வகுப்பில் ஒரு பையன் இதையெல்லாம் நம்புவதாகச் சொன்னபோது, "அப்ப நீ ஏன்டா வக்கீலுக்குப் படிக்கிற, கட்சி ஆபீசுக்குப் போ" என்று கிண்டலடித்தவளும் நான்தான். சட்டம் சட்டம்தான், கெடுப்பவர்கள் ஆட்கள் என்று நினைத்திருந்தேன். அட, எவ்வளவு சுலபமான நினைப்பு அது.

அதே ஓடையில் ஒரு கிலோமீட்டர் மேலே ஒரு செல்வாக்கான மனிதரின் தோட்டம். அவரும் ஓடைக்குள்தான் வேலி போட்டிருந்தார். ஓடையை மறித்துச் சுவர் கட்டி, தண்ணீரைக் குழாய் வழியாகத் தன் கிணற்றுக்குத் திருப்பியிருந்தார். அவருக்கு நோட்டீஸ் வரவில்லை. ஏன் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டேன், இழுத்தடித்துக் கடைசியில் அவர் கோப்பின் நகல்களைக் கொடுத்தார்கள். பெயின்ட் கடை வாசலிலேயே நின்று கவரைக் கிழித்துப் படித்தேன். பத்திக்கொண்டு வந்தது.

அவரும் பி மெமோ ரசீதுகளைத்தான் கொடுத்திருந்தார். அதே படிவம். அதே அச்சு. அதே 'ஆக்கிரமிப்பாளர் பெயர்'. அவர் கோப்பில் அதற்கு அதிகாரிகள் எழுதியிருந்த குறிப்பு: 'மனுதாரரின் நீண்டகால அனுபவத்துக்குப் போதிய ஆதாரம்.' ஸ்தலத்தைப் பார்வையிட்டபோது நீரோட்டம் இல்லை, ஆகவே அந்த இடம் ஓடை அல்ல என்று எழுதி, வகைப்பாட்டைத் தரிசு என்று மாற்றி, பட்டாவும் கொடுத்துவிட்டார்கள். நீரோட்டம் எப்படி இருக்கும்? அவர்தானே சுவர் வைத்து மறித்தார்! சுவருக்குக் கீழே அந்த அக்காவின் இடத்திலும் சொட்டுத் தண்ணீர் வருவதில்லை. ஆனால் அது மட்டும் ஓடையாம், பதிவேட்டில் அப்படி இருக்கிறதாம். அவருக்கு ஸ்தலத்தைப் பார்த்தார்கள், இவருக்குப் பதிவேட்டைப் பார்த்தார்கள். இரண்டும் சட்டப்படி சரியான முறைதான். இதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. லஞ்சம் என்றோ பொய்க் கையெழுத்து என்றோ ஒன்று கிடைத்திருந்தால் பிடித்து உலுக்கியிருப்பேன். கோப்பு முழுக்கத் தேடினேன், ஒரு தாள்கூடத் தப்பாக இல்லை.

சாட்சி விசாரணை நாள் வந்தது. அந்த அக்கா இஸ்திரி போட்ட சேலையில் கூண்டேறினார். அரசுத் தரப்பு வக்கீல் நல்ல மனிதர், குரலை உயர்த்தவே மாட்டார். ரசீதுகளைக் கையில் எடுத்துக்கொண்டார்.

"இதெல்லாம் நீங்க தாக்கல் பண்ணுனதுதானம்மா?"

"ஆமாங்கய்யா."

"வருசா வருசம் நீங்களே ஆபீசுக்குப் போயிக் கேட்டு வாங்குனதா?"

"ஒரு வருசம்கூட விடலீங்கய்யா. மேலுக்கு முடியாமக் கெடந்தப்பக்கூட ஆட்டோ வச்சுப் போயி வாங்கியாந்தேன்."

"சந்தோசம்மா. வேற கேள்வி இல்லை" என்று அவர் உட்கார்ந்துவிட்டார்.

வெளியே வராந்தாவில் அந்த அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். "நல்லாச் சொன்னேனா தாயி? அந்த வக்கீலுக்குக் கேக்க ஒண்ணுமில்லாமப் போச்சு பாத்தீகளா!"

"நல்லாச் சொன்னீங்கக்கா" என்றேன். வேறென்ன சொல்வது. டீ வாங்கிக் கொடுத்தேன். என் டீயை என்னால் குடிக்க முடியவில்லை.

வாதத்தின்போது அந்தத் தோட்டத்துக்காரரின் கோப்பை நீட்டினேன். நீதிபதி இளைஞர், பொறுமையாகப் படித்தார். பிறகு சொன்னார்: "மேடம், ஒருத்தருக்குத் தவறுதலாக் கிடைச்ச சலுகையை இன்னொருத்தர் உரிமையாக் கேக்க முடியாது. சட்டமீறல்ல சமத்துவம் கிடையாது, உங்களுக்கே தெரியும்."

"ஐயா, அவருடையது சட்டமீறல்னு யாரும் சொல்லலையே. அவருக்குப் பட்டா குடுத்துட்டாங்க. சட்டமீறல்னு சொல்றது என் கட்சிக்காரரை மட்டும்தானே?"

"அந்தப் பட்டா என் முன்னாடி வழக்கா வரலையே மேடம்" என்றார்.

அவர் சொன்னதில் தப்பு இல்லை. நீர்நிலைகளைக் காப்பாற்று என்று மேலே உள்ள கோர்ட்டுகள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. அது நல்ல சட்டம். அதற்கு இரண்டு வருடங்களுக்கு முன் ஒரு கண்மாய்க்குள் கட்டிய கல்யாண மண்டபத்தை எதிர்த்து அதே தீர்ப்புகளைக் காட்டி வாதாடி ஜெயித்தவள் நான், ஊர்க்காரர்கள் எனக்கு மாலை போட்டார்கள். இப்போது அதே தீர்ப்புகளை அரசு வக்கீல் என் பக்கம் திருப்பி அடுக்கினார், பக்க எண் உள்பட. கேட்டுக்கொண்டு நின்றேன். பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன் என்பதுதான் சரி.

வழக்கு தள்ளுபடி. தீர்ப்பு நகல் வாங்க இரண்டு வாரம் ஆனது. அந்த அக்கா என் ஆபீசில் எதிரே உட்கார்ந்துகொண்டு, "வாசிங்க, முழுசா வாசிங்க. என்னத்துக்குத் தோத்தோம்னு எனக்குத் தெரியணும்" என்றார்.

வாசித்தேன். ஓரிடத்தில் ஒரு வரியைத் தாண்டி அடுத்த வரிக்குப் போனேன்.

"இருங்க. அங்கன என்னத்தையோ முழுங்குறீக."

"ஒண்ணுமில்லக்கா, சட்ட வார்த்தை."

"வாசிங்க வக்கீலம்மா."

வாசித்தேன். 'வாதி தாக்கல் செய்துள்ள ரசீதுகளே, அவர் ஓர் ஆக்கிரமிப்பாளர் என்பதற்கு அவரது சொந்த ஒப்புதலாக அமைகின்றன.'

"ஆக்கிரமிப்பாளர்னா?"

"அரசாங்க எடத்த அத்துமீறிப் பிடிச்சு வச்சிருக்கவங்கன்னு அர்த்தம்க்கா."

"களவாணிங்கிறாக."

அவர் பையிலிருந்து ஒரு ரசீதை எடுத்து என் முன்னால் வைத்தார். விரலைத் தன் பெயரின் மேல் வைத்தார். "இங்கன இருக்கது எம் பேரு. அதுக்கு முன்னாடி என்னா போட்டிருக்கு?"

"அதேதாங்க்கா."

"எல்லாத்துலயுமா? எங்க மாமாவுக்கும்? எங்க வீட்டுக்காரவுகளுக்கும்?"

"எல்லாத்துலயும்."

கீழே பெயின்ட் கலக்குகிற மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. அவர் அந்த ரசீதைப் பைக்குள் திருப்பிப் போட்டார்.

"எம் மகளப் பொண்ணுப் பாக்க வந்தாக. எங்களுக்குச் சொத்து இருக்கா இல்லையான்னு கேட்டப்ப இதத்தான் எடுத்துக் காட்டுனேன். ஒவ்வொண்ணா எடுத்து வச்சேன். மாப்ளையோட அப்பா வாத்தியாரு. கையில வாங்கிப் பாத்துட்டு, சரிம்மான்னு திருப்பிக் குடுத்தாரு. அப்புறம் வரல." அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "கேசு போடும்போதே ஒங்களுக்கு இது தெரியுமா?"

"தெரியும்க்கா."

அவர் திட்டவில்லை. நாலு வார்த்தை திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். எழுந்துகொண்டார். மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் இருக்கிறது, ஜெயிக்க வழி இருக்கிறது, நீங்கள் கையெழுத்துப் போட்டால் போதும் என்று நான் கடகடவென்று சொல்லிக்கொண்டே போனேன். படி வரைக்கும் கூடவே போனேன்.

"வேணாம் தாயி" என்றார். "எதுல என்ன எழுதியிருக்கோ."

மேல்முறையீட்டு மனுவைத் தயார் செய்து வைத்திருந்தேன். நாலைந்து தடவை போன் போட்டேன், எடுக்கவில்லை. இருபத்தாறாம் நாள் மகள் எடுத்தாள். பின்னால் மெஷின் ரம்பத்தின் சத்தம். எனக்குப் பகீர் என்றது. தாலுகா ஆபீசிலிருந்து ஆட்கள் வந்துவிட்டார்களா, கெடு முடியும் முன்பே மரத்தை எப்படி வெட்டலாம், போனை அவர்களிடம் கொடு என்று கத்தினேன்.

"அவுக யாரும் வரலக்கா" என்றாள். "அம்மாதான் ஆளு விட்டு வெட்டுறாக."