ரெண்டு சாமிக்கு நேந்த கிடாய்

பேய், பில்லி, ஆடு துலுக்கறதுல சாமி பேசறது, இதுகளையெல்லாம் நான் மனசார நம்புனவனில்லீங்க. ஊரோட ஒத்துப் போவேன், அவ்வளவுதான். பேரு சின்னப்பன், மூணாங் கிளாஸ் படிச்சிருக்கறேன், மாதா கோயில்ல கோயில்பிள்ளையா இருக்கறேன், மணி அடிக்கறதும் தீர்த்தத் தொட்டி நிரப்பறதும் சாமியாரோட அங்கி தொவைக்கறதும் என்ற வேலை. நாலு பேர் முன்னால வாய் தொறக்கக் கூச்சப்படற ஆளு, இதைச் சொல்லிப் பேர் வாங்கோணும்னு எனக்கு ஆசையில்லை. ஆனா நடந்தது நடந்ததுதான்.

கள்ளுக்கடை மறியல் நடந்துச்சே, அந்தக் கோடையில என்ற பொண்டாட்டி அருளாயிக்கு அம்மை வார்த்துருச்சு. முத்து இறங்கி, தலைக்குத் தண்ணி ஊத்துன பொறகும் காய்ச்சல் விடலை. கண்ணு ரெண்டும் உள்ள போயிருச்சு. பொழைச்சா அந்தோணியாருக்குக் கிடாய் வெட்டறேன்னு நேந்திருந்தேன், இப்படியே போனா ஆள் தங்க மாட்டாங்கற பயத்துல முன்கூட்டியே வெட்டிப்போடலாம்னு முடிவு பண்ணுனேன்.

எங்க சனம் கிறிஸ்து வேதத்துல சேர்ந்து மூணு தலைமுறை ஆச்சு, ஆனாலும் கிடாய் விஷயத்துல பழைய மொறைதான். ஆட்டு மேல தண்ணி ஊத்துவோம், அது ஒடம்பைச் சிலுப்பித் துலுக்குனா சாமி ஏத்துக்கிட்டாருன்னு அர்த்தம், துலுக்கலைன்னா வெட்டக் கூடாது. மாரியம்மன் கோயில்ல மஞ்சத்தண்ணி ஊத்துவாங்க, நாங்க கோயில் தீர்த்தம் ஊத்துவோம். வித்தியாசம் அவ்வளவுதான்.

எங்க பங்குச் சாமியார் பிரான்சு தேசத்துக்காரர். அதுக்கு முந்துன ஞாயித்துக்கிழமைதான் பிரசங்கத்துல, "ஆட்டுத் தலையில தீர்த்தம் ஊத்தறவனுக்கு நற்கருணை கிடையாது"ன்னு மேசையைத் தட்டிச் சொல்லியிருந்தாரு. அதனால செவ்வாய்க்கிழமை காத்தால பூசை முடிஞ்சு அவரு சைக்கிள்ல வெளியூர் கெளம்புனதும், தொட்டியில ஒரு சொம்பு மொண்டுக்கிட்டு, ஊருக்கு வெளியே பாதை பிரியற எடத்துக்குக் கிடாயை ஓட்டிட்டுப் போனேன். அங்கிருந்து இடது பக்கம் போனா மாரியம்மன் கோயில், வலது பக்கம் எங்க கோயில். சொந்தக்காரங்க பத்துப் பன்னெண்டு பேரு வந்திருந்தாங்க.

ஊத்துனேன். கிடாய் கல்லாட்ட நின்னுச்சு. மறுபடி ஊத்துனேன், காதைக்கூட ஆட்டலை. அருளாயியோட அண்ணன் சவரிமுத்துக்கு எந்த நேரத்துல கேலி பண்றதுன்னே தெரியாது.

"ஏனுங் மாப்ளே, தீர்த்தம் லத்தீன்ல மந்திரிச்சதாச்சே, நம்மூட்டு ஆட்டுக்கு லத்தீன் தெரியுமாங்?"

எல்லாரும் சிரிச்சாங்க. கிடாய் துலுக்கலைன்னா அவ எந்திரிக்க மாட்டா, மனசுல அது ஒண்ணுதான் ஓடுச்சு. நம்பாதவன்னு சொன்னேனில்லீங்களா, அந்த நேரத்துல அப்படித்தான் நெனைச்சேன். ஊட்டுக்கு ஓடுனேன்.

வேப்பந்தழை மேல படுத்திருந்தவ, விஷயத்தைச் சொன்னதும் சொவத்துப் பக்கம் திரும்பிக்கிட்டா.

"ஏனுங்க, கோவிச்சுக்காதீங்க. அந்தக் கிடாயை நான் ஆத்தாளுக்கு நேந்துபோட்டனுங்க."

"எப்ப அம்மணி?"

"முத்துப் போட்ட அன்னைக்கேங்க. உங்களுக்குக் கோயில்ல வேலை போயிரும்னு சொல்லலை."

நான் அந்தோணியாருக்கு நேந்தது அதுக்கு மறுநாள். ஒரே கிடாய், ரெண்டு பேருக்கு.

திரும்பி வந்து சவரிமுத்துகிட்டச் சொன்னேன். இந்தத் தடவை அவன் சிரிக்கலை. "கவுத்தை அவுத்து உடுங்க மாப்ளே, அது எந்தப் பக்கம் போகுதோ போகட்டும்"னான். அவுத்து உட்டோம். கிடாய் இடதுலயும் போகலை, வலதுலயும் போகலை, மொகத்தை நேரா வெச்சுக்கிட்டு நின்னுச்சு. அது பார்த்த பக்கத்துல இருந்துதான் சைக்கிள் மணி கேட்டுச்சு. டயர் வெடிச்சு, வண்டியைத் தள்ளிக்கிட்டு சாமியார் திரும்பி வாராரு.

அத்தனை பேரும் ஒதுங்கிட்டாங்க. நான் சொம்போட நின்னேன்.

"சின்னப்பா! நீயா?"

கோவத்துல கிடாயைத் தள்ளி உட அதோட நெத்தியில கையை வெச்சாரு. வெச்ச கையோட கிடாய் துலுக்குச்சு பாருங்க, கொம்புல இருந்து வால் வரைக்கும், மழையாட்ட அவரு மேல தெறிச்சுது. தூர நின்ன பொம்பளைங்க குலவை போட்டாங்க, பாதிப் பேரு சிலுவை போட்டுக்கிட்டாங்க. சாமியார் மொகத்தைத் தொடைச்சுக்கிட்டு சைக்கிளைத் தள்ளிட்டுப் போயிட்டாரு.

ஊட்டுக்கு வந்தா அருளாயி எந்திரிச்சு உக்காந்து கஞ்சி கேக்கறா. நெத்தி சில்லுன்னு இருந்துச்சு. கிடாயை வெட்ட ஒருத்தருக்கும் கை வரலை, அது பாட்டுக்கு ஊரைச் சுத்திட்டுத் திரிஞ்சுது. சாமியாரும் என்னை வேலையை உட்டு எடுக்கலை.

அன்னைக்குச் சாயங்காலம் அவரு அங்கியைத் தொவைக்க எடுத்தேன். வெள்ளை அங்கியில நெஞ்சுக்கு நேரா அஞ்சு மஞ்சச் சொட்டு. நான் ஊத்துனது வெறும் தீர்த்தம், நானே மொண்டது, மஞ்சத்தூள் ஒரு சிட்டிகை கெடையாது. சவுக்காரம் பட்டா மஞ்சக்கறை செவக்கும், இது செவக்கலை. வெயில்ல போட்டா வெளுக்கும், வெளுக்கவுமில்லை. மாத்தலாகிப் போறப்ப சாமியார் அந்த அங்கியை மட்டும் என்ற கையில குடுத்து, "நீ வச்சுக்கோ"ன்னுட்டுப் போயிட்டாரு.

பெட்டியிலதான் இருக்குது. அப்பப்ப எடுத்துப் பார்ப்போம். அருளாயி அந்தச் சொட்டுகளைத் தடவிப் பார்த்து, காஞ்ச துணிதானுங்களேங்கறா. நான் தொட்டா, இன்னைக்கும் என்ற வெரல் நனையுதுங்க.