சாம்பக்குழிக்கு வெச்ச பேரு

பழைய ஸ்டீம் இன்ஜின் ஷெட்டைச் சுத்திக்காட்டுற கைடு வேலைன்னா, யார் என்ன கேட்டாலும் பல்லைக் காட்டணும். வாயால பிழைக்கிறவங்களுக்கு நான் சொல்லியா தெரியணும்? சென்னையில அந்த ஷெட்டை மியூசியமா மாத்தினப்ப கான்ட்ராக்ட்ல சேர்ந்தேன். ஊரு மரக்காணம்.

ரயிலு

அதே ஷெட்டுல எங்க அப்பா கூலிக்குச் சாம்பல் வாரினவரு. ஓடி வந்து நிக்கிற இன்ஜினுக்கு அடியில ஒரு குழி. அதுல இறங்கி, தணல் ஆறாத சாம்பலை வாரிக் கொட்டணும். நெஞ்சு கெட்டது அங்கதான். ஸ்டீம் இன்ஜினை நிறுத்தினப்ப அவரையும் நிறுத்திட்டாங்க. ஊருக்கு வந்து உப்பளத்துல இறங்கினார்.

கையில ஒரு அத்தாட்சி கிடையாது. ரயிலே வராத ஊர்ல இதை எவன் நம்புவான்? 'ரயிலு'ன்னே பேர் வெச்சுட்டாங்க. கூட உப்பு வாரின ஏழுமலை மாமா, அப்பா இருமுறப்பல்லாம் கேட்பார்: "ஏம்பா ரயிலு, எந்த ஸ்டேஷன் வந்துச்சு?"

போர்டு

ஷெட்டோட வரலாற்றைப் பெரிய போர்டுல எழுதப் போறாங்கன்னு சொன்னேன். அப்பாவுக்குத் தலைகால் புரியலை. "சாம்பக்குழின்னு ஒரு வார்த்தை இருந்தா போதும்டா, ஏழுமலையைக் கூட்டியாந்து காட்டிடுவேன்"னார்.

மேனேஜர்கிட்ட போய்க் கெஞ்சினேன். அதுக்குள்ள குழிக்கு நீல டைல்ஸ் ஒட்டி, தண்ணி விட்டு, அல்லியும் வெச்சுட்டாங்க. அந்த ஆள் சிரிக்கிறார்: "சாம்பல்னா சுடுகாட்டு ஞாபகம் வரும்பா. அல்லிக்குளம்னு போட்டாச்சு."

திறப்பு விழா

அப்பாகிட்ட சொல்ல எனக்கு வாய் வரலை. வெள்ளை வேட்டி கட்டிக்கிட்டு, மாமாவையும் கூட்டிக்கிட்டு பஸ் ஏறி வந்துட்டார். மாமா போர்டை எழுத்துக்கூட்டிப் படிச்சார். கட்டின துரை பேர் இருக்கு, அதிகாரிங்க பேர் இருக்கு, ஒவ்வொரு இன்ஜினுக்கும் பேர் இருக்கு. பாவம், மறுபடியும் மேலேருந்து படிச்சார்.

அப்பா குளத்து ஓரமா குனிஞ்சு, டைல்ஸ் ஒட்டாம விட்ட கருப்புச் செங்கல்லைத் தடவினார். அடையாளம் தெரிஞ்சுபோச்சுன்னு அவர் மூஞ்சியே சொல்லிடுச்சு. "எங்கேப்பா உன் குழி?"ன்னார் மாமா. கிண்டலே இல்லை, நிஜமாவே கேட்டார். அப்பா இருமி முடிச்சுட்டுச் சொன்னார்: "இது வேற ஷெட்டு போலடா. வா, பஸ்ஸைப் பிடிப்போம்."

இன்ஜின் ஓடினதுக்கு ஆயிரம் அத்தாட்சி இருக்கு, அதுக்குச் சாம்பல் வாரின மனுஷன் மட்டும்தான் எங்க ஊர்ல கட்டுக்கதை.