பக்கத்து அறையில் அவர் குரல்

அந்தி மயங்கி மஃரிப் தொழுகை முடிந்த நேரத்தில் பக்கத்து அறையில் என் கணவர் தொண்டையைச் செருமினார். செருமிவிட்டு, "சாப்ட்டீகளாம்மா?" என்று கேட்டார். அவர் வெளிநாட்டில் இறந்து, அங்கேயே அடக்கமும் ஆகி, அப்போது ஒரு மாதத்துக்கு மேல் ஆகியிருந்தது.

நான் இத்தாவில் இருந்தேன். கணவனை இழந்தவள் நாலு மாதம் பத்து நாள் வீட்டைவிட்டு இறங்காமல், வேற்று ஆண்கள் முன்னால் வராமல் இருக்கும் காலம் அது. காரைக்குடியில் எங்கள் வீட்டில் எனக்கு ஒதுக்கிய அறைக்கு ஒரே ஒரு சன்னல். அதையும் யாரோ பழைய போர்வையால் மறைத்துவிட்டார்கள். அப்படி மறைக்கச் சொல்லி மார்க்கத்தில் ஒன்றும் இல்லை, சொந்தக்காரர்கள் சொன்னார்கள், அவ்வளவுதான். அந்த இருட்டில் கண்ணுக்கு வேலை இல்லாததால் காது கூர்மையாகிவிட்டது. தண்ணீர்த் தொட்டி நிரம்புவதும், அரியக்குடி பஸ் தெருமுனையில் திரும்புவதும் படுத்த இடத்திலிருந்தே தெரியும். அதெல்லாம் சரி, மௌத்தானவர் குரல் கேட்கலாமா?

முதல் நாள் கனவு என்று நினைத்துக்கொண்டேன். மறுநாள் அதே நேரத்துக்கு அதே செருமல். "காலு வலி எப்புடி இருக்கு? மாத்திரை போட்டீகளா?" என்றார். பதிலுக்கு என் மாமி, அதாவது அவருடைய அம்மா, தணிந்த குரலில் ஏதோ சொல்வதும் கேட்டது. வீட்டில் நாங்கள் இரண்டே பேர்தான்.

யாரிடம் சொல்வது? எங்கள் தெருவில் ஒரு அக்காவை, இறந்துபோன தாயோடு பேசுகிறாள் என்று சொல்லி, ஓதிப் பார்ப்பதற்காக எங்கோ கூட்டிப்போனார்கள். திரும்பி வந்த அவள் கையில் யாரும் பிள்ளையைக்கூடக் கொடுப்பதில்லை. எனக்குப் பைத்தியம் பிடித்திருக்குமோ என்பதைவிட, பிடித்துவிட்டது என்று ஊர் முடிவு கட்டிவிடுமே என்றுதான் நடுங்கினேன். போனில் விசாரித்த அண்ணனிடம், நல்லாத்தான் இருக்கேன் என்று சொல்லிவிட்டேன்.

பழைய வாய்ஸ் மெசேஜ்களை மாமி போட்டுக் கேட்கிறார்கள் போல என்று பிறகு ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டேன். பயம் கொஞ்சம் விட்டது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்த நேரத்துக்காகக் காத்திருக்கவும் ஆரம்பித்தேன். அப்படிக் காத்திருந்த ஒரு நாள்தான் எனக்கு உறைத்தது. உயிரோடு இருந்தபோதும் இதே கதைதானே! தினமும் மஃரிபுக்குப் பிறகு போன் வரும். முதலில் அம்மாவிடம் பேசுவார், மீதி இருந்தால் என்னிடம். கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவர் லீவில் வந்து என்னோடு இருந்த காலத்தை எல்லாம் சேர்த்தால் ஒரு வருடம் தேறுமா என்பதே சந்தேகம். இருந்தபோதும் இறந்தபோதும் ஒரே மாதிரி இருக்கிறாரே இந்த மனுஷன் என்று நினைத்து, இருட்டில் தனியாகச் சிரித்தேன். சிரித்த சத்தம் எனக்கே பயமாக இருந்தது, வாயைப் பொத்திக்கொண்டேன்.

அதற்குப் பிறகு தூங்காமல் என்னையே கிளறிப் பார்த்துக்கொண்டு கிடந்தேன். இவ்வளவு நாள் யாருக்காக அழுகிறேன்? அவர் முகத்தை நினைத்தால் பாஸ்போர்ட் போட்டோதான் வருகிறது. நோன்புப் பெருநாளைக்கு வந்துவிடுகிறேன் என்று சொன்னவர் திடீரென்று லீவு கிடைக்கவில்லை என்றார். பெருநாள் முடிந்த வாரமே தூக்கத்தில் நெஞ்சு நின்றுபோனது. ஏன் வரவில்லை? அந்தக் கேள்விதான் அடியில் கிடந்து அறுத்துக்கொண்டிருந்தது. அழுகை என்று நான் நினைத்ததில் பாதி கோபம். அது தெரிந்த பிறகு எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. பைத்தியக்காரிக்கு இவ்வளவு தெளிவாகக் கோபம் வராது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அந்த வருடத்தின் முதல் மழை பெய்த சாயங்காலம், பக்கத்து அறையில் அவர் கேட்டார்: "அங்குட்டு மழையாம்மா? கொடியில கெடக்குற துணிய எடுத்தீகளா?"

அன்றைய மழை அவருக்கு எப்படித் தெரியும்?

எழுந்து போனேன். மாமியின் அறையில் விளக்குப் போடவில்லை. தொழுகைப் பாயில் எனக்கு முதுகு காட்டி, சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். கையில் ஓதி எண்ணும் தஸ்பீஹ் மணி மட்டும் இருந்தது. போன் அந்தப் பக்கம் அலமாரி மேல் அணைந்து கிடந்தது. என் கணவருடைய குரல் அவரைப் பெற்றவளின் தொண்டையிலிருந்து வந்துகொண்டிருந்தது. நான் நிற்பது தெரிந்திருக்க வேண்டும். திரும்பாமலே, அதே குரல், "என்ன புள்ள, நீ மாத்துத் துணி உடுத்துனியா? நனைஞ்சுறாத" என்றது.

அவர் மட்டும்தான் என்னைப் புள்ள என்று கூப்பிடுவார். ஓடியிருக்கலாம், ஆனால் கோபம் விடவில்லை. பாய்க்குப் பின்னால் அப்படியே உட்கார்ந்து அவரிடமே கேட்டேன்: "மச்சான், பெருநாளைக்கு வர்றேன்னீகளே. ஏன் வரல?"

தொண்டையைச் செருமும் சத்தம் வந்தது. குரல் வரவில்லை. மறுபடியும் செருமல். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. கடைசியில் மாமியின் சொந்தக் குரல், ஒரு கிழவியின் குரல், பேசியது.

"அவென் வர்றேன்னுதான் சொன்னான். நாந்தான் இன்னும் ஒரு வருசம் இருந்துட்டு வாடான்னேன். மாடியக் கட்டிப்புட்டு ஒரேயடியா வந்துரலாம்னேன். லீவு கெடைக்கலன்னு ஒங்கிட்டச் சொல்லச் சொன்னதும் நாந்தான்."

நான் அன்று கத்தியது அடுத்த ஊர் மானகிரி வரைக்கும் கேட்டிருக்கும். அந்த வீட்டுக்கு வாழ வந்த நாள் முதல் மாமி முன்னால் நான் சத்தமாகப் பேசியதில்லை. அவர்கள் தலை குனிந்து எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டார்கள். நான் மூச்சு வாங்க நிறுத்தியபோது, "இன்னும் பேசு தாயி" என்றார்கள். மகனுடைய மையத்துச் செய்தி வந்த நாளிலிருந்து கண்ணீரே விடாதவர்கள், பொறுமைசாலி என்று ஊரே மெச்சிய அந்த மனுஷி, அப்போதுதான் அழுதார்கள். அதோடு அந்தக் குரல் நின்றது.

இப்போது நான் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். மேற்கொண்டு படிக்கச் சொல்லி என்னைப் பிடித்துத் தள்ளியது மாமிதான். பல வருடம் ஒன்றாக இருந்தோம், அவர்கள் மௌத்தானதற்கு முந்தின வாரம்கூட ஏதோ ஒன்றுக்கு முறைத்துக்கொண்டோம். அந்த இருட்டை எப்படித் தாண்டினாய் என்று கேட்பவர்களுக்குச் சொல்ல என்னிடம் பெரிய தத்துவம் ஒன்றும் இல்லை. என் அழுகைக்குள் என்ன இருக்கிறது என்று பார்த்தேன், பார்த்ததை வாய்விட்டுச் சொன்னேன்.

இத்தா முடிந்த அன்று அண்ணன் கார் எடுத்துக்கொண்டு வந்தார். பெட்டியை எங்கே என்று தேடினார். நான் வரவில்லை என்றேன். மாமி உள்ளே கதவோரம் நிற்பது எனக்குத் தெரியும்.

"இங்க ஒனக்கு என்னம்மா இருக்கு?" என்று அண்ணன் கேட்டார்.

"சண்டை போட ஆள் இருக்குண்ணே" என்றேன். "நான் போயிட்டா அவுக யார்கூடப் போடுவாக?"